சுளுக்கு என்று முடிவு கட்டுவதற்கு முன்: உடற்கல்வி ஆசிரியர்களுக்கும் பயிற்சியாளர்களுக்கும் ஒரு திறந்த மடல்

அன்புள்ள உடற்கல்வி ஆசிரியர்களுக்கும், கபடி, வாலிபால், கோ-கோ, தடகளம், சிலம்பம் என்று ஊர் ஊராகப் பிள்ளைகளைப் பழக்கிவரும் பயிற்சியாளர்களுக்கும், வணக்கம்.

மைதானத்தில் விழுந்த பிள்ளையை முதலில் தொட்டுப் பார்ப்பது நீங்கள்தான். அப்பா அம்மாவுக்குத் தகவல் போவது அதற்கப்புறம். எங்களிடம் வருவது அதற்கும் அப்புறம். சிலர் ஒரு மணி நேரத்தில் வந்துவிடுகிறார்கள், சிலர் மூன்று வாரம் கழித்து வருகிறார்கள். அந்த இடைவெளியில் ஒரு பிள்ளையின் கையோ காலோ இனி எப்படி வளரும் என்பது முடிவாகிவிடலாம். அதனால்தான் இதைப் பெற்றோருக்கு எழுதாமல் உங்களுக்கு எழுதுகிறேன்.

நான் மாவட்ட அளவிலான ஓர் அரசு மருத்துவமனையில் எலும்பு முறிவுப் பிரிவில் வேலை பார்க்கிறேன். குறுவட்டப் போட்டிகள் தொடங்கும் மாதங்களில் எங்கள் புறநோயாளி வரிசையில் பள்ளிச் சீருடை அதிகமாகத் தெரியும். ஜெர்சியோடு, முழங்காலில் மைதான மண்ணோடு வரும் பிள்ளையைப் பார்த்தால் எனக்குப் பாதி நிம்மதி. அடிபட்ட கையோடு நேராக வந்துவிட்டார்கள் என்று அர்த்தம். வீக்கம் வடிந்து, பத்துப் போட்ட மஞ்சள் கறை மட்டும் மிச்சமிருக்க, "சுளுக்குன்னு சொன்னாங்க சார், இன்னும் வலி போகல" என்று வருகிறவர்களைப் பார்த்தால்தான் வயிற்றைப் பிசைகிறது.

நான் சொல்ல வந்தது இதுதான். வளரும் பிள்ளைக்கு மூட்டுக்குப் பக்கத்தில், எலும்பின் மேல் அழுத்தினால் வலிக்கிறது என்றால் அதைச் சுளுக்கு என்று மைதானத்திலேயே முடிவு கட்டாதீர்கள். அன்றைக்கே எக்ஸ்ரே எடுக்க அனுப்புங்கள். அதுவரை யாரையும் இழுக்கவோ உருவிவிடவோ அனுமதிக்காதீர்கள்.

ஏன் என்று கேட்டால், பெரியவர்களின் எலும்பில் இல்லாத ஒன்று பிள்ளைகளின் எலும்பில் இருக்கிறது. கை கால்களில் உள்ள நீள எலும்புகளின் முனைக்கு அருகில் குருத்தெலும்பாலான மெல்லிய அடுக்கு ஒன்று உண்டு. வளர்ச்சித் தட்டு என்று சொல்கிறோம். எலும்பு நீள்வது அங்கேதான். அதற்குள் செல்கள் தூண் தூணாக அடுக்கி நிற்கும். ஒரு பக்கம் பெருகும், நடுவில் பருக்கும், மறுபக்கத்தில் சுண்ணாம்புச் சத்து ஏறி எலும்பாக மாறும். பருத்த செல்கள் இருக்கும் அடுக்குதான் இருப்பதிலேயே பலவீனமான இடம். விழும்போது பெரும்பாலும் அந்த இடத்தில்தான் பிளவு ஓடும்.

தென்னைக்குக் குருத்து எப்படியோ, எலும்புக்கு இந்தத் தட்டு அப்படி. மரத்தின் நடுவில் வெட்டுக்காயம் பட்டாலும் மரம் வளர்ந்துகொண்டே போகும். குருத்தில் அடிபட்டால் வளர்ச்சியே நின்றுவிடும்.

குருத்தெலும்பு எக்ஸ்ரேயில் தெரியாது. அதனால் தட்டு இருக்கும் இடம் கறுப்பான ஒரு கோடாகத் தெரியும். படத்தைப் பார்த்துவிட்டு "எலும்பு ரெண்டா நிக்குதே சார்" என்று பதறும் பெற்றோர் உண்டு. அது முறிவு இல்லை, அங்கே இன்னும் வளர்ச்சி பாக்கி இருக்கிறது என்று அவர்களுக்குப் புரியவைப்போம். பெண் பிள்ளைகளுக்குப் பெரும்பாலும் 13 முதல் 15 வயதுக்குள்ளும், பையன்களுக்கு 15 முதல் 17 வயதுக்குள்ளும் பெரிய எலும்புகளின் தட்டுகள் எலும்பாகி மூடிக்கொள்ளும். உங்கள் 14 வயதுக்குட்பட்டோர் அணியில் இருக்கிற அத்தனை பையன்களுக்கும் இது திறந்தே இருக்கிறது. 17 வயதுக்குட்பட்டோர் அணியிலும் நிறையப் பேருக்கு இருக்கும். திடுதிப்பென்று உயரம் போடுகிற வயது என்று சொல்கிறோமே, அந்த வயதில்தான் இந்த முறிவுகளும் அதிகம்.

எல்லாத் தட்டும் சம அளவில் வளர்வதில்லை. தொடை எலும்பின் நீள வளர்ச்சியில் சுமார் 70 சதவீதம் முழங்காலுக்கு மேலே உள்ள ஒரே தட்டிலிருந்து வருகிறது. வருடத்துக்கு ஏறக்குறைய 1 செ.மீ. முழங்காலுக்குக் கீழே கணைக்கால் எலும்பின் மேல்தட்டு இன்னொரு 6 மி.மீ. தரும். முன்கையில் கட்டைவிரல் பக்கம் உள்ள ஆர எலும்பு நீள்வதில் முக்கால் பங்குக்கு மேல் மணிக்கட்டில் உள்ள தட்டின் வேலை. அதனால் 11 வயதுப் பிள்ளைக்கு முழங்காலில் தட்டு கெட்டால் அதன் விளைவும், 15 வயதுப் பிள்ளைக்குக் கெட்டால் அதன் விளைவும் ஒன்றல்ல. பாக்கி வளர்ச்சி எவ்வளவு இருக்கிறதோ அவ்வளவு கோணல், அவ்வளவு நீளக் குறைவு.

இனி சுளுக்கு விஷயம். நீங்கள் எல்லாரும் ஆடியவர்கள். கணுக்கால் எத்தனை தடவை பிசகியிருக்கும், உருவிவிட்டு, துணி சுற்றிக்கொண்டு மறுநாள் ஆடியிருப்பீர்கள். அந்த அனுபவம் உண்மைதான். ஆனால் அதை அப்படியே ஆறாம் வகுப்புப் பையனுக்குப் பொருத்த முடியாது. வளர்ந்தவருக்கு மூட்டு திருகினால் முதலில் கிழிவது எலும்பையும் எலும்பையும் பிணைக்கும் தசைநார். பிள்ளைகளுக்கு அந்த நார் பக்கத்திலுள்ள வளர்ச்சித் தட்டைவிட வலுவானது. அதே திருகலில் நார் தாக்குப்பிடிக்கும், தட்டு விட்டுக்கொடுக்கும். பிள்ளைகளுக்குச் சுளுக்கே வராது என்று நான் சொல்லவில்லை. கணுக்காலின் வெளிப்பக்கம் வீங்கி, எக்ஸ்ரே சுத்தமாக இருக்கிற பிள்ளைகள் பலருக்கு எம்.ஆர்.ஐ. எடுத்துப் பார்த்தபோது நார்க் காயம்தான் இருந்தது என்று ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. ஆனால் எது எது என்று வெறும் கண்ணால் பார்த்துச் சொல்ல எனக்கே முடியாது. உங்களுக்கும் முடியாது.

பிள்ளைகளுக்கு ஏற்படும் எலும்பு முறிவுகளில் 15 முதல் 30 சதவீதம் வளர்ச்சித் தட்டைத் தொடுகிறவை. பெண் பிள்ளைகளைவிடப் பையன்களுக்கு ஏறக்குறைய இரண்டு மடங்கு. விரல்களும் மணிக்கட்டும்தான் அதிகம் அடிபடும் இடங்கள். அடுத்து கணுக்கால்.

பயமுறுத்துவதற்காக இதை எழுதவில்லை. இந்த முறிவுகளில் பெரும்பாலானவை நன்றாகக் கூடிவிடும். அதுவும் வேகமாக, 3 முதல் 6 வாரத்தில். டொராண்டோவில் வேலை பார்த்த சால்ட்டர், ஹாரிஸ் என்ற இரு மருத்துவர்கள் 1963-ல் இவற்றை ஐந்து வகையாகப் பிரித்தார்கள். இன்றைக்கும் எங்கள் வார்டில் கேஸ் ஷீட்டில் நாங்கள் எழுதுவது அந்த எண்ணைத்தான். நான்கில் மூன்று பங்கு முறிவுகள் இரண்டாம் வகை. பிளவு தட்டின் வழியே ஓடி, எலும்பின் தண்டுப் பக்கமாக ஒரு சில்லோடு வெளியேறியிருக்கும். சரியாகப் பொருத்தி மாவுக்கட்டு போட்டால் அநேகமாகப் பிரச்சினை இல்லை. மூன்றும் நான்கும் மூட்டுக்குள்ளேயே பிளந்துகொண்டு போகிறவை. அவற்றை மயிரிழை பிசகாமல் பொருத்த வேண்டும், பல நேரம் கம்பியோ திருகாணியோ வேண்டும். ஐந்தாவது வகையில் தட்டு நசுங்கியிருக்கும். அன்றைக்கு எடுத்த எக்ஸ்ரேயில் ஒன்றும் தெரியாது, மாதங்கள் கழித்து வளர்ச்சி நின்ற பிறகுதான் தெரியும். நல்லவேளையாக அது அபூர்வம்.

முதல் வகையும் எக்ஸ்ரேயை ஏமாற்றும். விலகாமல் தட்டிலேயே பிளந்திருந்தால் படம் சாதாரணமாகத் தெரியும். "எக்ஸ்ரேல ஒண்ணும் இல்லைன்னுட்டாங்க" என்று பிள்ளை மறுநாளே ஓட வந்தால், ஒரு கேள்வி மட்டும் கேளுங்கள்: எலும்பின் மேல் விரலால் அழுத்தினால் இன்னும் சுருக்கென்று வலிக்கிறதா? வலித்தால் திருப்பி அனுப்புங்கள். கட்டு போட்டுவிட்டு 7 முதல் 10 நாளில் மறுபடி படம் எடுப்போம். அதற்குள் கூடத் தொடங்கியிருக்கும் எலும்பின் அடையாளம் தெரிந்துவிடும். மற்ற கையையும் படம் எடுத்து ஒப்பிட்டுப் பார்ப்பதும் உண்டு.

இந்த ஒரு வாரக் கணக்குதான் நான் உங்களிடம் மன்றாடிக் கேட்கிற விஷயம். "ஒரு வாரம் எண்ணெய் போட்டுப் பார்ப்போம், சரியாகலைன்னா பெரிய ஆஸ்பத்திரிக்குப் போவோம்" என்பது நம்மூரில் எல்லா வீட்டிலும் உள்ள வழக்கம். பெரியவர்களின் முறிவுக்கு ஒரு வாரத் தாமதம் சமாளிக்கக் கூடியது. வளர்ச்சித் தட்டு அவ்வளவு நாள் காத்திருக்காது. 7 முதல் 10 நாளுக்குள் அது கூட ஆரம்பித்துவிடும். அதன்பிறகு விலகிய எலும்பை இழுத்துப் பொருத்தப் போனால் அந்த இழுப்பே தட்டைக் கிழித்துவிடும். ஆகவே தாமதமாக வந்த பல பிள்ளைகளுக்கு, விலகல் கண்முன்னே தெரிந்தாலும், கைவைக்காமல் விட்டுவிடுகிறோம். சின்ன வயதும் மணிக்கட்டும் என்றால் வளர வளரத் தானே நேராகிவிடும் வாய்ப்பு நிறைய. மூட்டுக்குள் போன பிளவு என்றால் அந்தச் சலுகை கிடையாது.

ஒரு பெண்ணின் எக்ஸ்ரே பற்றிச் சொல்கிறேன். கோ-கோ ஆடியபோது கையை ஊன்றி விழுந்தவள், அப்போது ஏழாம் வகுப்பு. மணிக்கட்டு வீங்கியது. ஐஸ் வைத்தார்கள், ஸ்பிரே அடித்தார்கள், சுளுக்கு எடுக்கிறவரிடம் கூட்டிப்போய் உருவிவிட்டார்கள். வலி போய்விட்டது. எங்களிடம் வந்தபோது ஒன்பதாம் வகுப்பு. வலிக்காக வரவில்லை, கை கட்டைவிரல் பக்கமாகச் சாய்ந்துகொண்டே போகிறது, சுண்டுவிரல் பக்கம் எலும்பு முண்டாகத் துருத்திக்கொண்டு நிற்கிறது என்று வந்தாள். படத்தில் முன்கையின் இரண்டு எலும்புகளும் பக்கத்தில் பக்கத்தில். சுண்டுவிரல் பக்கத்து எலும்பின் முனையில் கறுப்புக் கோடு தெளிவாக இருக்கிறது. மற்றதில் அந்தக் கோடு பாதி தூரம் வந்து நின்றுவிட்டது, மீதி இடத்தில் வெள்ளையாக எலும்பு குறுக்கே பாலம் போட்டிருக்கிறது. ஒன்று நின்றுவிட்டது, மற்றது வளர்ந்துகொண்டே இருந்திருக்கிறது.

இப்படிப்பட்ட பாலத்தை, தட்டில் பாதிக்குக் குறைவான இடத்தில்தான் இருக்கிறது, வளர்ச்சி இன்னும் இரண்டு வருடமாவது பாக்கி என்றால், குடைந்து எடுத்துவிட்டு, உடம்பில் வேறிடத்திலிருந்து எடுத்த கொழுப்பை அந்தக் குழியில் வைத்து நிரப்புவோம், மறுபடி எலும்பு ஒட்டாமல் இருக்க. அந்தக் கட்டம் தாண்டிவிட்டால் நீண்டுபோன எலும்பைக் குறைப்பது, குட்டையானதை நீட்டுவது என்று வேறு வழிகள். எலும்பை நீட்ட வெளியே வளையக் கம்பி மாட்டி, நாளைக்கு 1 மி.மீ. வீதம் திருகித் திருகி இழுக்க வேண்டும். ஒரு பிள்ளை மாதக்கணக்கில் கம்பியோடு பள்ளிக்கூடம் போகும். மணிக்கட்டில் இப்படி வளர்ச்சி நின்றுபோவது நூற்றில் நாலைந்து பேருக்குத்தான். ஆனால் எந்த நாலைந்து பேர் என்று முன்கூட்டித் தெரியாது.

முழங்கை பற்றித் தனியாகச் சொல்லியாக வேண்டும். தொடக்கப் பள்ளிப் பிள்ளைகள், முக்கியமாக ஆறு வயதையொட்டி, மரத்திலிருந்தோ திண்ணையிலிருந்தோ சறுக்கு மரத்திலிருந்தோ விழுந்து முழங்கையின் வெளிப்பக்கக் குமிழை உடைத்துக்கொள்வார்கள். அந்த வயதில் அந்தக் குமிழில் பெரும்பகுதி குருத்தெலும்பு. அதனால் படத்தில் நகக்கீற்று போல ஒரு சில்லுதான் தெரியும். உண்மையில் உடைந்தது அதைப்போல் பல மடங்கு. முன்கைத் தசைகள் அந்தத் துண்டைப் பிடித்து இழுத்துக்கொண்டே இருக்கும், மூட்டுத் திரவம் அதை நனைத்துக்கொண்டே இருக்கும், ஒட்டாது. 2 மி.மீ. விலகினாலே கம்பி போட்டு நிறுத்தத்தான் பார்ப்போம். கவனிக்காமல் விட்டால் துண்டு ஒட்டாமலே நின்று, கை வெளிப்பக்கமாக வளைந்து வளரும். அப்போதும் வலி இருக்காது, பிள்ளை விளையாடும், எழுதும். வீட்டில் மறந்தே போவார்கள்.

இருபது, முப்பது வருடம் கழித்து அதே பிள்ளை எங்களிடம் வருவான். விசைத்தறியில் வேலை பார்க்கும் ஒருவர் வந்திருந்தார். சுண்டுவிரலும் மோதிரவிரலும் மரத்துப்போய், அறுந்த இழையைப் பிடித்து முடிச்சுப் போட வரவில்லை என்றார். விரலைப் பார்ப்பதற்கு முன்னால் முழங்கையைப் பார்த்தேன். "சின்ன வயசுல விழுந்தீங்களா?" என்றதும், "ஆமா சார், ஒண்ணாவது படிக்கறப்போ, கட்டு போட்டு சரியாயிடுச்சே" என்றார். வளைந்த முழங்கையைச் சுற்றிப் போகும் நரம்பு இத்தனை வருடமும் இழுபட்டு இழுபட்டு நைந்திருக்கிறது. நரம்பை இடம் மாற்றி வைக்கலாம். கையில் கரைந்துபோன தசை முழுசாகத் திரும்பும் என்று சொல்ல முடியாது.

உங்கள் பிள்ளைகளில் பலருக்குக் கனவு காக்கிச் சட்டையும் ராணுவமும். விளையாட்டு ஒதுக்கீட்டில் போய்விடலாம் என்றுதான் விடியற்காலையில் எழுந்து ஓடுகிறார்கள். அங்கே உடல் தகுதி பார்க்கும்போது முட்டி தட்டுகிறதா, முழங்கை வளைந்திருக்கிறதா என்று பார்ப்பார்கள் என்பது என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும்.

முழங்காலுக்கு வருகிறேன். கபடியில் காலைப் பிடித்து இழுக்கும்போது, வாலிபாலில் தாவி இறங்கும்போது, நீளம் தாண்டும் குழியில் கால் மடங்கும்போது. தொடை எலும்பின் கீழ்முனைத் தட்டு முறிந்தால் ஏறக்குறைய பாதிப் பேருக்கு வளர்ச்சியில் ஏதோ ஒரு குறை வருகிறது. அந்தத் தட்டு வழவழப்பாக இல்லாமல் மேடும் பள்ளமுமாக இருப்பதால் நழுவும்போது அரைபட்டுவிடுகிறது. முழங்காலுக்குச் சற்றுக் கீழே முறிந்தால் ஆபத்து வேறு மாதிரி. முழங்காலுக்குப் பின்னால் ஓடும் பெரிய ரத்தக்குழாய் அந்த இடத்தில் எலும்பை ஒட்டிப் போகிறது. பாதம் வெளிறியிருந்தால், சில்லிட்டிருந்தால், விரலை அசைத்தாலே பிள்ளை அலறினால், இது மணிக்கணக்கு விஷயம். பைக்கில் நடுவில் உட்காரவைத்துக் கூட்டிவராதீர்கள். 108-ஐக் கூப்பிடுங்கள்.

விழாமலே வரும் ஒன்றும் உண்டு. 10 முதல் 16 வயது, கொஞ்சம் உடம்பு போட்ட பிள்ளை, சில வாரமாக நொண்டுகிறான், முழங்கால் வலி என்கிறான், பாதம் வெளிப்பக்கமாகத் திரும்பியிருக்கிறது. முழங்காலில் எத்தனை எக்ஸ்ரே எடுத்தாலும் ஒன்றும் இருக்காது. கோளாறு இடுப்பில். இடுப்புப் பந்தைத் தாங்கும் வளர்ச்சித் தட்டு வழுக்கிக்கொண்டிருக்கிறது, வலி மட்டும் முழங்காலில் தெரிகிறது. இந்தப் பிள்ளையை "குண்டா இருக்க, அதான் ஓட முடியல, இன்னும் ரெண்டு ரவுண்டு போ" என்று விரட்டினால் ஒரே நாளில் பந்து முழுசாக நழுவிவிடக்கூடும். பிறகு அந்த இடுப்பைக் காப்பாற்றுவது மிகவும் கஷ்டம். நொண்டும் பிள்ளையை ஓடவிடாதீர்கள். இடுப்பையும் சேர்த்துப் படம் எடுக்கச் சொல்லி அனுப்புங்கள்.

விரல் விஷயம் சின்னதாகத் தெரியும். வகுப்பறைக் கதவில் நசுங்கி, நகம் மேலெழும்பி ரத்தம் வந்தால், நகத்தைப் பிய்த்துப் போட்டுப் பிளாஸ்டர் ஒட்டி அனுப்பிவிடுகிறோம். நகத்தின் வேர்ப்பகுதி தோலுக்கு மேலே வந்து கிடக்கிறது, விரல் நுனி தொங்குகிறது என்றால் அதற்கு அடியில் கடைசி எலும்பின் வளர்ச்சித் தட்டு உடைந்து, காயத்தின் வழியாக வெளியுலகத்தோடு தொடர்பில் இருக்கலாம். கழுவி, மருந்து கொடுத்து, நேராக்கித் தைக்க வேண்டிய முறிவு அது. விட்டால் எலும்புக்குள் சீழ் பிடிக்கும், நகமும் விரலும் கோணலாகும். சைக்கிளிலோ பைக்கிலோ பின்னால் உட்கார்ந்து சக்கரக் கம்பியில் காலை விட்டுக்கொண்ட பிள்ளைக்கும் இதே எச்சரிக்கைதான். குதிகால் தோல் மட்டும் உரிந்ததாகத் தெரியும், கணுக்காலையும் படம் எடுக்க வேண்டும்.

சரி, மைதானத்தில் என்ன செய்வது? பிள்ளை எழுந்து நாலு அடி வைக்க முடிகிறதா என்று பாருங்கள். முடியவில்லை என்றால் அதுவே போதும், எக்ஸ்ரே வேண்டும். முடிகிறது என்றாலும் எலும்பின் முனையை ஒரு விரலால் மெதுவாக அழுத்திப் பாருங்கள். ஒரே இடத்தில் கூர்மையாக வலித்தால் எக்ஸ்ரே வேண்டும். கோணலாக இருந்தால் நேராக்க முயலாமல், இருக்கிற நிலையிலேயே அட்டையோ மர ஸ்கேலோ வைத்துத் துண்டால் சுற்றுங்கள். மேலும் கீழும் உள்ள மூட்டுகள் அசையாமல் இருந்தால் போதும், இறுக்க வேண்டாம். வளையல், கயிறு, மோதிரம் இருந்தால் வீங்குவதற்கு முன் கழற்றிவிடுங்கள். ஐஸைத் துணியில் சுற்றி வையுங்கள். வலி ஸ்பிரே அடித்து மறுபடி ஆடவிடுவதை மட்டும் தயவுசெய்து நிறுத்திவிடுங்கள். அடுத்த ரைடுக்கு ஆள் குறைகிறது என்றாலும் சரி.

இன்னொன்று, பலருக்குத் தோன்றாதது. கை கோணிக்கொண்டு நிற்கும் பிள்ளைக்குப் பாவம் பார்த்து டீயும் பன்னும் வாங்கிக் கொடுத்துக் கூட்டிவருவீர்கள். அந்தக் கரிசனம் எனக்குப் புரிகிறது. ஆனால் எலும்பைப் பொருத்த மயக்கம் கொடுக்க வேண்டியிருக்கும், சாப்பிட்டிருந்தால் ஆறு மணி நேரம் காத்திருக்க வேண்டும். வெளியே தெரிகிற மாதிரி கோணலாக இருந்தால் வழியில் எதுவும் சாப்பிடக் கொடுக்காதீர்கள்.

நாட்டுக் கட்டு போடுகிறவர்களைப் பற்றி உங்களிடம் மறைத்துப் பேச விரும்பவில்லை. நம் மக்கள் அவர்களிடம் போவதற்குக் காரணம் இருக்கிறது. பக்கத்தில் இருக்கிறார்கள், கனிவாகப் பேசுகிறார்கள், வரிசையில் நிற்கவைப்பதில்லை. விலகாத முறிவு எந்தக் கட்டுக்கும் கூடிவிடும் என்பதால் நிறையப் பேருக்குச் சரியாகியும் இருக்கிறது. ஆனால் தட்டு எங்கே உடைந்திருக்கிறது என்று படம் பார்க்காமல் உருவுவது, அதிலும் நாள்தோறும் உருவுவது, கூடிவரும் தட்டை மறுபடி மறுபடி பிரிப்பது. மூங்கில் தப்பை வைத்து இறுக்கிக் கட்டி, வீக்கம் ஏறி, ரத்தம் ஓடாமல் விரல்கள் கறுத்துப்போன பிள்ளைகளை எங்கள் பிரிவில் எல்லாருமே பார்த்திருக்கிறோம். பெற்றோர் அங்கேதான் போவோம் என்று நின்றால், சண்டை போட வேண்டாம். முதலில் ஒரு எக்ஸ்ரே, அப்புறம் உங்கள் விருப்பம் என்று சொல்லுங்கள். படத்தில் முறிவைக் கண்ணால் பார்த்த பிறகு மனசு மாறுகிறவர்கள் அதிகம். அரசு மருத்துவமனைக்கு வர பணம் ஒரு தடையாக இருக்க வேண்டியதில்லை. காப்பீட்டு அட்டை இருந்தால் கையோடு கொண்டுவரச் சொல்லுங்கள், அறுவை சிகிச்சை வரை போனால் உதவும்.

பயிற்சியின் அளவைப் பற்றியும் கொஞ்சம். ஒரே அடியில் உடைவது போலவே, ஓய்வில்லாமல் ஒரே அசைவைத் திரும்பத் திரும்பச் செய்வதாலும் தட்டு நோகும். ஜிம்னாஸ்டிக் பிள்ளைகளுக்குக் கையில் உடம்பு எடையைத் தாங்கித் தாங்கி மணிக்கட்டுத் தட்டு அகன்று போவது நன்றாகத் தெரிந்த ஒன்று. முழங்காலுக்குக் கீழே முன்பக்கம் முண்டு வைத்து வலிப்பதும், ஓடும் பிள்ளைகளுக்குக் குதிகால் பின்பக்கம் வலிப்பதும் இந்த வயதில் சகஜம், பெரும்பாலும் ஓய்விலேயே சரியாகும். ஆனால் முன்பக்க முண்டில் வலி இருந்த பையன் தாவும்போது திடீரென்று "டப்" என்று விட்டு, காலை நீட்ட முடியாமல் விழுந்தால் அது முறிவு. வாரத்தில் ஒரு நாளாவது முழு ஓய்வு கொடுங்கள். வேகமாக உயரம் போடும் மாதங்களில் சுமையைக் குறையுங்கள். வலியைப் பொறுத்துக்கொண்டு ஆடியவனை எல்லார் முன்னாலும் தட்டிக்கொடுத்தால், அடுத்த வாரம் நாலு பேர் வலியை மறைப்பார்கள். அணியில் இடம் போய்விடும் என்ற பயம் அவர்களுக்கு ஏற்கெனவே இருக்கிறது. "வலின்னு சொன்னா டீம்ல இருந்து தூக்க மாட்டேன்" என்ற உங்கள் ஒரு வார்த்தை எங்கள் எந்த மருந்தையும்விட முன்னால் வேலை செய்யும்.

உங்கள் நிலைமையும் எனக்குத் தெரியும். நூற்றுக்கணக்கான பிள்ளைகளுக்கு நீங்கள் ஒருவர். யாராவது விழுந்தால் "என்ன பார்த்துட்டிருந்தீங்க?" என்ற கேள்வி உங்களைத்தான் வந்து சேரும். ஆட்டோவுக்கு உங்கள் சட்டைப் பையிலிருந்து கொடுத்தவர்கள் உண்டு. பிள்ளையை மடியில் கிடத்திக்கொண்டு எங்கள் அவசரப் பிரிவு வாசலில் இரவு வரை உட்கார்ந்திருந்த ஆசிரியர்களை நான் பார்த்திருக்கிறேன். ஆகவே பள்ளிக் கல்வித் துறை அதிகாரிகளிடமும், விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்திடமும், மாவட்ட விளையாட்டு அலுவலர்களிடமும் இதே மடலில் சிலவற்றைக் கேட்கிறேன். முதலுதவிப் பெட்டியில் பஞ்சும் டிஞ்சரும் மட்டும் இருந்தால் போதாது. வளைத்துக் கட்டக்கூடிய தப்பைகளும் முக்கோணத் துணியும் வேண்டும், அவற்றைப் பயன்படுத்த வருடத்துக்கு ஒரு நாள் பயிற்சி வேண்டும். அந்தப் பயிற்சியைத் தர அந்தந்த மாவட்ட மருத்துவமனை எலும்பு மருத்துவர்களையே கூப்பிடுங்கள், வருவோம். அடிபட்ட பிள்ளையைக் கூட்டிப்போகும் செலவு ஆசிரியரின் தலையில் விழக்கூடாது. குறுவட்டப் போட்டியிலிருந்து முதலமைச்சர் கோப்பை வரை, வலியோடு ஆடுகிற பிள்ளையை வெளியே உட்காரவைக்கும் அதிகாரம் மைதானத்தில் யாரோ ஒருவருக்கு எழுத்தில் இருக்க வேண்டும். விழுந்ததை உடனே பெற்றோருக்குச் சொன்ன ஆசிரியருக்கு மெமோ வருவது நின்றால்தான் மற்றவர்களும் மறைக்காமல் சொல்வார்கள்.

கடைசியாக மாவுக்கட்டு பிரித்த பிறகு நடப்பது. எங்களிடமிருந்து பிள்ளைகள் நழுவிப்போகும் கட்டம் அதுதான். கட்டு பிரித்தாயிற்று, வலி இல்லை, எதற்கு மறுபடி வரிசையில் நிற்க வேண்டும் என்று வீட்டில் விட்டுவிடுகிறார்கள். முறிவு கூடியதா என்பது ஆறு வாரத்தில் தெரிந்துவிடும். தட்டு தப்பித்ததா என்பது ஆறு மாதம், ஒரு வருடம் கழித்துத்தான் தெரியும். அடிபட்ட சமயத்தில் வளர்ச்சி சற்று நின்று மறுபடி தொடங்கிய இடம் படத்தில் ஒரு வெள்ளைக் கோடாகத் தெரியும். அந்தக் கோடு தட்டுக்கு இணையாக, தட்டை விட்டு விலகிப் போயிருந்தால் வளர்ச்சி ஒழுங்காக நடக்கிறது. ஒரு பக்கம் தட்டோடு ஒட்டிக்கொண்டு சாய்ந்திருந்தால் அங்கே பாலம் விழுந்துவிட்டது. அப்போதே பிடித்தால் கோணல் வருவதற்கு முன் சின்ன அறுவை சிகிச்சையோடு முடிக்கலாம். முழங்கால் என்றால் வளர்ச்சி முடியும்வரை வரச் சொல்கிறோம்.

அந்தப் பிள்ளையை வாரந்தோறும் டிரவுசரிலும் பனியனிலும் பார்க்கிறவர் நீங்கள் ஒருவர்தான். ஒரு கால் மற்றதைவிடக் குட்டையாகத் தெரிகிறதா, ஓடும்போது இடுப்பு ஒரு பக்கம் இறங்குகிறதா, இரண்டு கையையும் நீட்டச் சொன்னால் ஒன்று கோணுகிறதா என்று உங்கள் கண்ணுக்குத்தான் முதலில் படும். போன வருடம் கட்டு போட்டிருந்த பிள்ளைகளின் பெயர்களை வருகைப் பதிவேட்டின் ஓரத்தில் குறித்து வையுங்கள். அரையாண்டு விடுமுறையிலும் கோடை விடுமுறையிலும் ஒருமுறை எக்ஸ்ரேக்குப் போய்வந்தாயா என்று கேளுங்கள். போகவில்லை என்றால் அப்பாவிடமோ அம்மாவிடமோ போனில் ஒரு வார்த்தை சொல்லி அனுப்பிவையுங்கள்.

அன்புடன்,
மாவட்ட அரசு மருத்துவமனை ஒன்றின் எலும்பு முறிவு மருத்துவர்